நடிப்புப் புலி

"லைட்டிங் நீயே பாத்துக்கம்மா. கேமராவும் உன் பொறுப்பு. நான் போய் மேக்கப் போட்டுட்டு வரேன்."

ஒளிப்பதிவாளர் அந்தப் பக்கம் போனதும் லைட்மேன் சிரித்தார். "நடிப்புப் புலி கிளம்பிடுச்சு டோய்!"

அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. பதினோரு வருஷமாக அவரிடம் உதவி ஒளிப்பதிவாளர். தனியாக ஒரு படம் செய்ய வேண்டும் என்று அவள் ஏறி இறங்காத ஆபீஸ் இல்லை. எல்லா இடத்திலும் ஒரே கேள்விதான். "நீங்க தனியா எடுத்தது ஏதாவது இருக்கா?"

ஒளிப்பதிவாளர் செட்டில் இருக்கும்போது உதவியாளர் கையில் கேமராவைக் கொடுக்க எந்த இயக்குநர் சம்மதிப்பார்?

இந்த மனுஷனுக்கோ சின்ன பட்ஜெட் படம் என்றால் போதும், கெஞ்சிக் கூத்தாடியாவது ஒரு வேஷம் வாங்கிவிடுவார். இன்றைக்கு டாக்டர். வசனம் இரண்டே வரி. ஒன்பது டேக் போனது. ஸ்டெதாஸ்கோப் பிடித்த கை வெடவெடவென்று நடுங்கியது.

அந்தக் கையை நிழலில் தள்ளி, முகத்தில் மட்டும் ஜன்னல் வெளிச்சம் விழும்படி செய்து, ஒருவழியாகக் காட்சியைக் காப்பாற்றினாள்.

"இவருக்கு எதுக்குண்ணே இந்த வேண்டாத வேலை? மானம் போகுது," என்று லைட்மேனிடம் முணுமுணுத்தாள்.

அடுத்த மாதம் ஒரு தயாரிப்பாளர் கூப்பிட்டு அனுப்பினார். உட்காருவதற்குள்ளேயே, "படம் உங்களுக்குத்தான்," என்றார்.

அவளுக்குத் தலைகால் புரியவில்லை. "என் வேலையை எங்க பார்த்தீங்க சார்?"

"உங்க சார் ஆறு காட்சி அனுப்பியிருந்தார். ஆறும் நீங்க எடுத்ததுன்னார். தன் ஆளைத் தூக்கிவிட எல்லாரும் சொல்றதுதானேன்னு நினைச்சேன். போட்டுப் பார்த்தா ஆறுலயும் அவரே நடிக்கிறார்! அப்புறம் நம்பாம என்ன பண்றது? முன்னாடி நிக்கிற மனுஷன் கேமராவுக்குப் பின்னாடியும் நிக்க முடியுமா?"

வெளியே வந்து படிக்கட்டிலேயே உட்கார்ந்து போன் போட்டாள்.

"சார், படம் கிடைச்சிடுச்சு. முதல் ஷாட்ல நீங்கதான் நடிக்கணும்."

"ஐயோ, ஆளை விடும்மா! கேமரா முன்னாடி நின்னாலே எனக்கு உதறல் எடுக்கும். இனிமேலாவது நிம்மதியா இருக்கேன்."