தண்ணீர் புகாத ஷூ

"இந்தா நிக்காரே, இந்த அண்ணாச்சியையே கேளுங்க டீச்சர். போன மாசம் இதே ஷூவைத்தான் மவனுக்கு எடுத்துட்டுப் போனாரு."

கடைக்காரர் சிவப்பிரகாஷ் கை நீட்டிக் காட்டியபோது, இன்பமணி அப்போதுதான் வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே கால் வைத்திருந்தார்.

செருப்புக்கடைக்குள் செருப்பைக் கழற்றிவிட்டு வருகிற ஆள் தூத்துக்குடியிலேயே அவர் ஒருவராகத்தான் இருப்பார். முப்பது வருஷம் சங்கு குளித்தவர். வள்ளத்தில் ஏறுகிறவன் காலில் ஒன்றும் இருக்கக் கூடாது என்று பழகிய கால், கடையென்றும் வீடென்றும் பார்ப்பதில்லை.

சண்டை போடத்தான் வந்திருந்தார்.

திரேஸ்புரத்திலிருந்து நடந்து வந்த வழியெல்லாம் வார்த்தைகளை அடுக்கிக்கொண்டே வந்தார். நீ கொடுத்த பொருள் சரியில்லை என்று இவன் முகத்தைப் பார்த்துச் சொல்லிவிட வேண்டும். அதை இவன் ஒத்துக்கொள்ள வேண்டும். பொருள் சரியில்லையா, பொறுக்கிய ஆள் சரியில்லையா என்று தெரியாமல் இரண்டு வாரமாக அவருக்குச் சோறு இறங்கவில்லை.

ஆனால் சிவப்பிரகாஷ் யாரைப் பேச விட்டார்? வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்பார்கள். இவர் நான்கு பிள்ளைகளுக்குச் சேர்த்துப் பேசுவார். மில்லர்புரத்து ஈவாஞ்சலின் டீச்சரின் மகள் காலேஜ் பிள்ளைகளோடு மலை ஏறப் போகிறாளாம். அவளுக்கு ஷூ பார்க்க டீச்சர் வந்திருக்கிறாராம். இன்பமணி வாயைத் திறப்பதற்குள் இவ்வளவும் சொல்லி முடித்துவிட்டார்.

"அண்ணாச்சி அன்னிக்கு வாளியில தண்ணி கேட்டு, ஷூவை முக்கி வச்சில்லா வாங்குனாரு!"

உண்மைதான். ஒரு மத்தியானம் முழுக்க உட்கார்ந்து பொறுக்கினார். ஒவ்வொரு ஜோடியையும் சங்கைத் தூக்கிப் பார்ப்பது போலக் கையில் ஏந்திக் கனம் பார்த்தார். அடிப்பாகத்தை வளைத்தார். கணுக்கால் பிசகாமல் இருக்க உயரமானது வேண்டும், தடித்த காலுறைக்கு ஒரு நம்பர் கூட வேண்டும் என்று சட்டம் பேசினார். ஷூவின் வாய் மட்டும் வெளியே நிற்க, வாளியில் கால் மணி நேரம் அழுத்திப் பிடித்துவிட்டு உள்ளே கை விட்டுப் பார்த்தார். காய்ந்து கிடந்தது. கடையே சிரித்தது. கூட வந்திருந்த மகன் பெர்சிக்கு வெட்கம் தாங்கவில்லை.

"போதும்ப்பா, ஷூதான!" என்றான்.

அவர் விடவில்லை. பாறையில் லேஸ் அவிழ்ந்து தடுக்கிவிடக் கூடாதே என்று, நனைய நனைய இறுகும் கடல் முடிச்சு ஒன்றையும் அங்கேயே குனிந்து போட்டுக் காட்டினார்.

அட்டையை நினைத்தார், பாம்பை நினைத்தார், பாசி பிடித்த பாறையை நினைத்தார். ஓடுகிற தண்ணீரை மட்டும் நினைக்கவில்லை.

கடலடியில் கிடந்து எழுந்தவருக்கு மலையில் ஓடுவதெல்லாம் ஒரு தண்ணீரா? மழைக்காலமாக இருக்கிறதே, போக வேண்டாம் என்று மகனிடம் சொல்லுங்கள் எனக் கெஞ்சிய மனைவி பேபியை அவர்தான் கேலி செய்தார். நடக்கும் முன்னே நீந்தின பயல் முழங்கால் ஓடைக்குப் பயப்படுவானாக்கும் என்று சிரித்தார். அந்தச் சிரிப்பை நினைத்தால் தன் வாயிலேயே அடித்துக்கொள்ளலாம் போலிருந்தது.

"பிள்ளைக்கு வசதியா இருந்துச்சா அண்ணாச்சி?" டீச்சர் கேட்டார். மடியில் அதே சாம்பல் நிற ஷூ இருந்தது, அளவு மட்டும் சிறியது.

வசதியாகத்தான் இருந்தது. போட்டிருப்பதே தெரியவில்லை என்று மலையிலிருந்து போனில் சொன்னான். சொன்னபோது எவ்வளவு சந்தோஷமாக இருந்தது இவருக்கு!

"வசதிதான்" என்றார். பிறகு, கேட்காத ஒன்றையும் சொன்னார். "ஓடை கீடை தாண்டுனா ஷூவைக் கழத்திக் கழுத்துல போட்டுக்கிடச் சொல்லுங்க. வெறுங்காலோட தாண்டட்டும்."

சிவப்பிரகாஷ் விழுந்து விழுந்து சிரித்தார். "கேட்டீயளா டீச்சர்? தண்ணி போகாத ஷூவை வாங்கிட்டு, தண்ணியில கழத்தணுமாம்! அண்ணாச்சிக்குக் கடல்தான் தெரியும், மலையைப் பத்தி என்ன தெரியும்?"

டீச்சரும் சிரித்துவிட்டார். ஆனால் பிள்ளையைப் பெற்றவர். சிரிப்பு அடங்கியதும் ஷூவைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

அடுக்கி வைத்திருந்த வார்த்தைகளைத் தேடிப் பார்த்தார் இன்பமணி. ஒன்றும் அகப்படவில்லை. இந்தக் கடைக்காரன் பொய் சொல்லவில்லை. அன்றைக்குச் சொன்னதும் பொய்யில்லை, இப்போது சொல்வதும் பொய்யில்லை. இவனிடம் போட ஒரு சண்டையும் இல்லை.

"உண்மையைச் சொல்லுங்க அண்ணாச்சி. தண்ணி போகாதுன்னு இவரு சொல்லுதாரு. பொருள் நல்ல பொருள்தானா?"

"நல்ல பொருள்தான் டீச்சர். மேல வழியாப் போனாத்தான் உண்டு. ஓடை அடிச்சுட்டுப் போயி மூணு நாள் கழிச்சு, தேனி ஆஸ்பத்திரில வச்சு அவன் கால்ல இருந்து கழத்துனாங்க. உள்ள போன தண்ணி அப்படியே நின்னுச்சு. ஒரு சொட்டு வெளிய கசியல."