நாசர் ஸ்கொயரில் விரிந்த கம்பளம்

கேமராவைக் கடை மேசைமேல் வைத்து, "ரிப்பேர்" என்றாள் அய்சுலு. ரிப்பேர் ஆகும் என்ற நம்பிக்கை அவள் குரலில் இல்லை.

துபாய் நாசர் ஸ்கொயரில் பன்னிரண்டு வருடமாக டிவி விற்றுவந்தார் கீழக்கரை கௌஸ் முகைதீன். சோவியத் உடைந்த பிறகு அந்தப் பக்கத்துப் பெண்கள் விமானம் விமானமாக வந்து டிவியும் டேப்ரெக்கார்டரும் அள்ளிப்போனார்கள். இவளும் அவர்களோடு வந்தவள்தான். ஆனால் எதற்கும் விலை கேட்கவில்லை.

தெரிந்த ஆங்கிலத்தில் சொன்னாள். ஊர் கிர்கிஸ்தான். ஆவணப்படம் எடுப்பவள். வேலை பார்த்த ஸ்டுடியோவை மூடிவிட்டார்கள். யாரோ ஜெர்மனியிலிருந்து கொண்டுவந்த இந்தக் கேமராவோடு, இரண்டு கோடைக்காலம் மலைமேல் மேய்ச்சல்காரர்கள் பின்னால் குதிரையில் அலைந்தாள். அவர்கள் கம்பளிக் கூடாரம் அடிப்பது, குதிரைப்பால் கறப்பது, இடம் பெயர்வது என்று நாற்பது கேசட்.

வீட்டுக்கு வந்து டிவியில் போட்டால் எல்லாம் சாம்பல்.

ஒரு குடும்பமே சேர்ந்து குளிர்காலம் முழுக்கத் தைத்த கம்பளம் அதில் இருந்தது. சிவப்பும் பச்சையுமாக அவ்வளவு பெரிய கோலம். டிவியில் கோலமே இல்லை. ஒரு சாம்பல் பாய் கிடந்தது.

கேமரா கலரைப் பிடிக்கவே இல்லை என்று பார்த்தவர்கள் எல்லோரும் சொல்லிவிட்டார்களாம். இரண்டு வருட உழைப்பு வீண்.

கௌஸ் முகைதீன் கேமராவைப் பிரிக்கவில்லை. வீட்டில் எந்த ஊர் டிவி என்று மட்டும் கேட்டார்.

ரஷ்ய டிவி.

அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. ஜெர்மனிக் கேமரா கலரை ஒரு விதமாக அனுப்பும். ரஷ்ய டிவி வேறு விதமாக எதிர்பார்க்கும். ஒத்துப்போகாவிட்டால் கலரை விட்டுவிட்டுப் படத்தை மட்டும் காட்டும். இந்தச் சங்கதி அவருக்கு மனப்பாடம்.

"கேமரா குட். டிவி மாஃபி குட்!" டிவிதான் சரியில்லை என்று கையை ஆட்டினார்.

எல்லா நாட்டுக் கலரையும் காட்டும் பெரிய டிவி ஒன்று கடை நடுவில் இருந்தது. அதில் வயரைச் செருகி, பட்டனைத் தட்டினார். திரையில் அந்தக் கம்பளம் விரிந்தது.

அய்சுலு இரண்டு கைகளாலும் வாயைப் பொத்திக்கொண்டாள்.

அவர் திரையைப் பார்க்கவில்லை. அவள் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

சட்டென்று அவள் அவர் சட்டைக் கையைப் பிடித்தாள். "எனக்கு அந்தக் கலர் ஞாபகம் இருக்கு. அதனால இப்படித் தெரியுதா? நீங்க சொல்லுங்க, அது என்ன கலர்?"

  அவர் வாசலுக்கு ஓடினார்.

"கலீலு! சீக்கிரம் வா! பாய், இதர் ஆவோ! எல்லாரும் வாங்க!"

பக்கத்துத் துணிக்கடை கலீலுர் ரஹ்மான் அளவுகோலும் கையுமாக ஓடிவந்தார். சாமான் இழுக்கும் பட்டாணியர் தள்ளுவண்டியை நடைபாதையிலேயே விட்டுவிட்டு வந்தார். டீ கொண்டுவந்த மலையாளி தட்டோடு நின்றார். ரஷ்யாக்காரிகள் இரண்டு பேர் பைகளோடு நுழைந்தார்கள்.

"என்ன கலர்? உரக்கச் சொல்லுங்க!"

"லால்!" என்றார் பட்டாணியர்.

"சுவப்பு!" என்றார் மலையாளி.

"க்ராஸ்னி!" என்று ரஷ்யாக்காரிகள் ஒரே குரலில் கத்தினார்கள்.

கலீலுர் ரஹ்மானுக்கு அது போதவில்லை. இருபது வருடம் துணி விற்றவர். கௌஸ் முகைதீனை அண்ணன் முறையில் 'காக்கா' என்றுதான் கூப்பிடுவார். "செவப்புன்னா வெறும் செவப்பா காக்கா? மாதுளம்பழச் செவப்பு! சுத்தி கிளிப்பச்சை!"

அய்சுலு ஒவ்வொரு சொல்லையும் திருப்பிச் சொன்னாள். லால். சுவப்பு. மாதுளம். சொல்லச் சொல்ல அழுதாள், அழுதுகொண்டே சிரித்தாள். திரையில் குதிரைகள் வந்ததும் பட்டாணியர் கைதட்டினார். மலையாளி ஓடிப்போய் எல்லோருக்கும் இன்னொரு சுற்று டீ கொண்டுவந்தார்.

பிற்பகல் தொழுகைக்கு அசர் பாங்கு கேட்டது. கூட்டம் கலைந்தது.

அவள் கேசட்டைப் பின்னால் ஓட்டி, கம்பளத்தில் நிறுத்தினாள். "ரஹ்மத்" என்று நெஞ்சில் கைவைத்துச் சொன்னாள். அது நன்றி என்று அவருக்குப் புரிந்தது.

எல்லோரும் சொன்னார்கள், நீங்கள் மட்டும் சொல்லவில்லையே என்று கேட்டாள்.

கௌஸ் முகைதீன் வாசலைப் பார்த்தார். யாரும் இல்லை. தன் கண்ணைத் தொட்டுக் காட்டினார்.

"ரெட், க்ரீன்... எனக்கு சேம் சேம். பொறந்ததுலேர்ந்தே."

கலர் டிவி விற்ற பன்னிரண்டு வருடத்தில் இதை அவர் ஒருவரிடமும் சொன்னதில்லை.

அய்சுலு அவரையே பார்த்தாள். பிறகு திரையருகே போய், ஆள்காட்டி விரலைக் கண்ணாடிமேல், கம்பளக் கோலத்தின் விளிம்பில் வைத்தாள். கீழேயிருந்து மெல்ல மேலே இழுத்து, வளைத்து, உள்ளே சுருட்டினாள். அடுத்து, அதற்கு எதிர்ப்பக்கமாக இன்னொரு சுருள்.

விரல் போன வழியிலேயே அவர் தலையும் வளைந்து வளைந்து போனது.

"அட!" என்று கத்தினார். "ஆட்டுக் கொம்பு!"