கண்ணாடிப் பெட்டியில் ஒரு பந்து

முதல் உலகப்போர் முடிந்த வருடம் டென்னிஸ் ஆட வந்த மார்ஜரி, பன்னிரண்டு வருடம் ஆடியும் இங்கிலாந்தின் பெரிய கோப்பையை வெல்லவில்லை. ஒரே ஒருமுறை இறுதியாட்டத்தில் நின்றாள். எதிராளி அடித்த பந்து சுண்ணாம்புக் கோட்டைத் தொட்டதை அவள் பார்த்தாள். ‘அவுட்’ என்று சொல்லி நடுவர் புள்ளியை மார்ஜரிக்குக் கொடுத்தார். நடுவரோடு வாதாடும் வழக்கம் அங்கே இல்லை. அடுத்த பந்தை வேண்டுமென்றே வலையில் அடித்து அந்தப் புள்ளியைத் திருப்பிக் கொடுத்தாள். ஆட்டம் கைநழுவியது. நடுவர் ‘அவுட்’ சொன்ன, புல்லின் பச்சை ஏறிய அந்தப் பந்தோடு வீட்டுக்கு வந்தாள்.

அப்பா ஹார்வுட் அதற்குக் கண்ணாடிப் பெட்டி செய்து வைத்தார். படமெடுக்க வந்த நிருபர் பந்தைக் கையிலெடுத்து, “ஒரு பக்கம் தூசியா இருக்கே” என்று கைக்குட்டையை உருவினார்.

ஹார்வுட் அவர் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார்.

“துடைச்சிடாதீங்க. அது கோட்டுச் சுண்ணாம்பு.”