முதல் அத்தியாயம்

மாசிலாமணி பழைய வடமொழிக் காதல் நூலொன்றைத் தமிழில் சொல்லச் சொல்ல, மனைவி தெய்வானை கணினியில் தட்டுவாள். நிறுத்தக்குறிகளையும் அவர் சேர்த்தே சொல்ல வேண்டும். வேறு பேச்சு அவர்களுக்குள் நின்று வருடங்களாயிற்று. நூல் முடிந்ததும் தம்பி வீட்டோடு போய்விடுவதாக அவள் சொல்லியிருந்தாள். பெட்டி கதவோரம் இருந்தது.

“உன் கோபத்திலும் எனக்கு நிழல் உண்டு, முற்றுப்புள்ளி. அவ்வளவுதான், முடிஞ்சது,” என்றார்.

அவள் எழுந்திருக்கவில்லை. “மொத அத்தியாயம் அழிஞ்சுபோச்சு.”

எட்டிப் பார்த்தார். திரையில் முதல் அத்தியாயம் ஓர் எழுத்துக் குறையாமல் இருந்தது.

“எல்லாமேவா?”

“எல்லாந்தான். என் மூஞ்சியப் பாத்தா வந்துருமா? சொல்லுங்க.”

அவர் அலுத்துக்கொள்வதுபோல் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். “கண்ணே,” என்றார். காற்புள்ளியைச் சொல்ல மறந்துவிட்டார்.