நாளையோடு முடிகிறது

“போயிடுச்சுங்க,” என்றாள் மனைவி, சோப்பு நுரை வழியும் கையோடு.

கணக்கு வாத்தியார் செய்தித்தாளை மடித்தார். “எது?”

“வாஷிங் மெஷின். உங்க சட்டையெல்லாம் உள்ளேயே மாட்டிக்கிச்சு.”

“வாரண்டி?”

“நேத்தோட சரி.”

அந்த வீட்டுச் சாமான்களுக்குத் தேதி பார்க்கத் தெரியும். மிக்ஸி, வாரண்டி முடிந்த மறுநாள் புகைந்தது. இஸ்திரிப்பெட்டி மறுநாள் விடியும்வரைகூடப் பொறுக்கவில்லை. டிவிக்கு மட்டும் கொஞ்சம் மரியாதை தெரிந்திருந்தது. ஒரு வாரம் தள்ளிப்போட்டது.

வாத்தியாருக்கு வியர்த்தது. “அதுக்கு நாளையோட முடியுதேடி.”

“அது பாட்டுக்கு நல்லாத்தானே ஓடுது? பயந்து பயந்து நீங்களே அதைக் கெடுத்துடாதீங்க.”

“வாஷிங் மெஷினும் நேத்து நல்லாத்தான் ஓடிச்சு.”

இண்டக்‌ஷன் அடுப்பு வாங்கிய நாளிலிருந்து சமையலறை வாசலைத் தாண்டாத மனிதர், வாசலில் நின்றபடியே உள்ளே எட்டிப் பார்த்தார். ஃபிரிட்ஜ் ஒருமுறை உறுமி அடங்கியது. அவ்வளவுதான், கம்பெனிக்குப் போன் போட்டுவிட்டார்.

எடுத்த பெண், பொருளின் பெயரைச் சொல்லக்கூட அவரை விடவில்லை. “சொல்லுங்க சார், என்ன பிரச்சினை பண்ணுது?”

“இதுவரைக்கும் ஒண்ணுமில்லம்மா. வாரண்டியை மட்டும் கொஞ்சம் நீட்டிக் குடுத்தா புண்ணியமாப் போகும்.”

“அதுக்கு முன்னாடி ஒரு சின்ன டெஸ்ட் சார். ஒரு தடவை ஆஃப் பண்ணி, அஞ்சு நிமிஷம் விட்டு, ஆன் பண்ணிப் பாருங்க.”

“ஆஃப் பண்றதா!” வாத்தியார் நாற்காலியைப் பிடித்துக்கொண்டார். “அது எப்பவும் ஓடிட்டே இருக்கணும்மா.”

“எல்லாரும் அப்படித்தான் சார் சொல்றாங்க. அப்புறம் ஆன் பண்ணா ஓடும். பயமா இருந்தா எக்ஸ்சேஞ்ச்ல போட்டுடுங்களேன். பழசைக் கொண்டு வந்தா, புது மாடல் பாதி விலை.”

“கொண்டு வரலாம். நானும் கூடவே வரணுமே.”

“உங்களுக்கு எதுக்கு சார் சிரமம்? எங்க ஆள் நாளைக்கு வீட்டுக்கே வருவாரு. நீங்க அதைக் கழட்டி, துடைச்சு, வாசல்ல வச்சிருந்தா போதும்.”

வாத்தியார் தயங்கித் தயங்கிச் சொன்னார்:

“அது பேஸ்மேக்கர்ம்மா. என் நெஞ்சுக்குள்ள இருக்கு.”