தையலில் வெட்டாதே

"சார், அந்தக் குளிர்கோட்டுல ஒண்ணு எங்கம்மாவுக்குக் குடுங்க." கேட்கவே கூடாது என்று அம்மா படித்துப் படித்துச் சொல்லியும் கேட்டுவிட்டேன். விற்காமல் கம்பெனிக்கே திரும்பிய குளிர்கோட்டுகள் டியூப்லைட் வெளிச்சத்தில் மலையாய்க் கிடக்கின்றன. எல்லாம் அம்மா தைத்தவை. இப்போது அவளே அவற்றை யாரும் போட்டுக்கொள்ள முடியாதபடி வெட்டிப் போடுகிறாள், கிழிந்த சால்வையை இழுத்துப் போர்த்திக்கொண்டு, தலை நிமிராமல். சூப்பர்வைசர் சிரிக்கிறார். "ஒண்ணு ஓசியில போனா, நாளைக்கு எவன்மா காசு குடுத்து வாங்குவான்? ஆபீஸ்ல விலை போடுற பொண்ணு, உனக்குத் தெரியாதா?" தெரியும். இந்தக் கோட்டுக்கு விலை போட்டவளே நான்தான். "வாயை மூடுடி, பொழப்பைக் கெடுக்காத" என்கிறாள் அம்மா. அவள் கத்தரி தையல் வழியாகவே போகிறது. அப்படி வெட்டினால் மறுபடி தைத்துப் போட்டுக்கொள்ளலாம். சூப்பர்வைசர் குனிந்து பார்க்கிறார். "தையல்ல வெட்டாதம்மா, எவனாவது பொறுக்கிட்டுப் போய்த் தச்சுக்குவான். துணி நடுவுல வெட்டு." கத்தரி ஒரு கணம் நிற்கிறது. பிறகு ஒரு கோட்டின் முதுகில் கரகரவென்று இறங்குகிறது. என் கழுத்திலிருந்த அடையாள அட்டையைக் கழற்றிக் குவியலின் மேல் வைக்கிறேன். "இனிமே விலையை நீங்களே போட்டுக்கங்க சார்." "எங்கடி போற?" என்கிறாள் அம்மா, நிமிராமலே. கதவைத் திறந்ததும் குளிர் முகத்தில் அறைகிறது. கத்தரிச் சத்தம் வாசல் வரைக்கும் கூடவே வருகிறது.