குழலுக்குள் கண்ணு

"சார், அந்தம்மா துப்பாக்கிகிட்டப் பேசுது! முதல்ல அந்தம்மாவை இங்கேர்ந்து கிளப்புங்க!"

துப்பாக்கித் தொழிற்சாலைக்குப் புதிதாக வந்த மேற்பார்வையாளரிடம் ஃபிட்டர் இப்படிப் புலம்பியபோது, அவருக்குச் சிரிப்புத்தான் வந்தது.

நேரில் போய்ப் பார்த்ததும் சிரிப்பு போன இடம் தெரியவில்லை.

கடைசிப் பரிசோதனை மேஜையில் அந்தப் பெண் உட்கார்ந்திருந்தாள். போலீஸுக்குப் போகவேண்டிய துப்பாக்கிகள் வரிசையாகக் கிடந்தன. நாள் முழுக்க ஒற்றைக் கண்ணால் குழலுக்குள் பார்ப்பதால் அவளுக்குக் 'கண்ணு அக்கா' என்று பெயர். ஒரு துப்பாக்கியை எடுத்தாள். பின்பக்கமாக உள்ளே பார்த்தாள். முத்திரை குத்தினாள்.

அத்தோடு விட்டாளா? துப்பாக்கியைத் திருப்பி, குண்டு வெளியே வரும் வாயில் உதட்டை வைத்து ஏதோ முணுமுணுத்தாள். உள்ளே போன குரல், மறுமுனையில் வேறு யாரோ பேசுவது போல வெளியே வந்தது.

"...கண்ணு..."

அவருக்கு மயிர்க்கூச்செறிந்தது.

"பையனைக் கூப்பிடுது சார்," ஃபிட்டர் காதைக் கடித்தான். "போன வருஷம் ஊர்வலத்துல போலீஸ் சுட்டுச்சே? 'அன்னிக்குத்தான் என் பிள்ளையைப் பறிகொடுத்தேன்'னு அதுவே சொல்லுச்சு. வஞ்சம் வெச்சு எதையாவது கோளாறு பண்ணிட்டா? நம்ம தலைதான் உருளும்!"

அதுவும் வாஸ்தவம்தான். அவர் மனதைக் கல்லாக்கிக்கொண்டு பக்கத்தில் போனார்.

"அக்கா, பெத்த வயிறு, புரியுது. ஆனா செத்துப்போன பையன் கூப்பிட்டா வந்துடுவானா? உங்களை இனிமே இந்த வேலையில வெச்சுக்க முடியாது."

அவள் நிமிர்ந்தாள். ஒரு கண் இன்னும் மூடியே இருந்தது.

"ஐயையோ, என் பையன் சாகலையே சார்! வீட்டுலதான் இருக்கான்."

அவருக்குத் தூக்கிவாரிப்போட்டது. "அப்போ இதுக்குள்ள யாரைக் கூப்பிடறீங்க?"

"இதுக்கு முன்னாடி நிக்கப்போற பிள்ளையை. யார் பெத்ததோ, பாவம்! 'மன்னிச்சிடு கண்ணு'ன்னு இப்பவே சொல்லி வெக்கறேன்."

"நீங்க எதுக்கு மன்னிப்புக் கேக்கணும்?"

"என் பையன் கேக்க மாட்டேங்கறானே. அன்னிலேர்ந்து சுவரையே பார்த்துக்கிட்டு உக்காந்திருக்கான். பேச்சே இல்லை."

அவள் அடுத்த துப்பாக்கியை எடுத்தாள்.

"அந்த ஊர்வலத்துல சுட்டவன் சார், அவன்."